மலிவு ஆண்ட்ராய்ட் போனில் கிரீப்பிபாஸ்டா கேம்கள்: வன்னிச் சூட்டில் எது தாக்குப்பிடிக்கும்?

கிரீப்பிபாஸ்டா என்றால் இணையத்தில் கைமாறிப் பரவும் பேய்க் கதைகள். முதலில் ஒன்று: முகமில்லாத நெட்டை உருவமான ஸ்லெண்டர் மேன் 2009இல் எரிக் நுட்சன் ஒரு இணையப் படப் போட்டிக்கு உருவாக்கிய பாத்திரம். 2012இல் மார்க் ஹாட்லி அதை வைத்துச் செய்த ‘ஸ்லெண்டர்: த எய்ட் பேஜஸ்’, இருட்டுக் காட்டில் டோர்ச்சோடு எட்டுப் பக்கங்களைத் தேடி எடுக்கும் கேம், கணினிக்கானது. போனில் அதே சாயலில் கிடைப்பவை பெரும்பாலும் ரசிகர்கள் செய்தவை. தரம் ஒன்றுக்கொன்று மலைக்கும் மடுவுக்குமாக இருக்கும்.

இரவில் ஒட்டுசுட்டான் பக்கக் காட்டுப் பாதையால் வந்து போறவருக்கு, ஒரே மரத்தைத் திரும்பத் திரும்ப நட்ட ஸ்லெண்டர் காடு இரண்டாம் நாளே சலிக்கும். யானை நிற்குமோ என்ற பயத்துக்கு அது எட்டாது. 2019இல் கிளம்பிய ‘பேக்ரூம்ஸ்’ வகைதான் நீண்ட நாள் நிற்கிறது: மஞ்சள் சுவர், டியூப்லைட் இரைச்சல், ஆளில்லாத அறைகள். போனுக்கும் அதுவே சுகம். சுவர் மறைப்பதால் ஒரே நேரத்தில் வரைய வேண்டிய பொருட்கள் குறைவு. 3 ஜிபி ராமிலும் ஓடும்.

திணறலுக்கு முதல் காரணம் வெக்கை. பங்குனி, சித்திரையில் தகரக் கூரைக்குக் கீழே சார்ஜில் போட்டபடி விளையாடினால், சூட்டைக் குறைக்கச் சிப் தன் வேகத்தைத் தானே இறக்கும். நொடிக்கு 30 பிரேம் ஓடியது 15க்கு விழும். திரும்பிப் பார்க்க விரலை இழுத்தால் படம் பிந்தி வரும், அதற்குள் உருவம் பிடித்துவிடும். சார்ஜரைக் கழற்றுங்கள், பின்கவரையும் கழற்றுங்கள். செட்டிங்சில் முதலில் நிழலை நிறுத்துங்கள். டோர்ச் அசையும்போதெல்லாம் நிழலைப் புதிதாகக் கணக்கிடுவதுதான் பெரிய சுமை. பிறகு ரெசலூஷனைக் (படத்தின் கூர்மை) குறையுங்கள். சுவர், தரை மேல் ஒட்டும் படமான டெக்ஸ்சரைக் கடைசியாகத் தொட்டால் போதும்.

இயர்போன் வயர் உள்ளதாக இருக்கட்டும். புளூடூத்தில் ஒலி பிந்தும்; காலடி கேட்கும்போது ஆள் முன்னால் நிற்கும். ஒற்றை ஸ்பீக்கரில் இடமா வலமா என்றே தெரியாது. தலைக்குப் பதில் சைரன் உள்ள ராட்சத உருவம் வரும் சைரன் ஹெட் கேம்களுக்கு இயர்போன் கட்டாயம்: செல்லடிக் காலம் கண்ட அம்மம்மா இருக்கிற வீட்டில் அந்தச் சைரனைச் சத்தமாக விடுவது விளையாட்டில்லை.

விளம்பரம் வந்தால் பயம் அதோடு சரி. ஏரோபிளேன் மோடில் திறந்தால் டேட்டாவும் மிஞ்சும், அழைப்பும் வராது. ராம் குறைந்த போனில் அழைப்பு வந்தால் கேமையே மூடிவிடும். இடையில் சேவ் இல்லாததில் எடுத்த பக்கமெல்லாம் போச்சு. விளம்பரம் பார்த்தால்தான் டோர்ச்சுக்கு பேட்டரி தருவேன் என்கிற கேமை அப்போதே அழித்துவிடலாம்.

ஏபிகே (பிளே ஸ்டோருக்கு வெளியே எடுத்து நிறுவும் ஆப் கோப்பு) இறக்கினால் அனுமதிகளைப் பாருங்கள். தொடர்புகள், எஸ்எம்எஸ், இருப்பிடம் எதுவும் பேய் கேமுக்குத் தேவையில்லை. சத்தத்தைக் கேட்டு உருவம் வரும் கேமுக்கு மட்டும் மைக் நியாயம். மிகப் பழைய ஏபிகேக்களை ஆண்ட்ராய்ட் 14 நிறுவவே விடாது. ஆண்ட்ராய்ட் 6க்கு முந்தியதைக் குறிவைத்துச் செய்தவை எல்லாம் அதில் அடங்கும். எஸ்சிபி (பலர் சேர்ந்து இணையத்தில் எழுதும் விசித்திர உருவங்களின் கதைத் தொகுப்பு) கேம் என்றால் மூலக் கதை எழுதியவர் பெயர் உள்ளே இருக்கிறதா பாருங்கள், உரிமம் அதைக் கேட்கிறது. பெயர் போடாதவர் மற்றதையும் அள்ளி ஒட்டியிருப்பார்.

புதுப்பிப்பை முதலில் இறக்கிய இடத்திலேயே எடுங்கள். வேறு தளத்து ஏபிகேயின் கையொப்பம் (செய்தவரின் டிஜிட்டல் முத்திரை) மாறியிருந்தால் மேலால் ஏறாது. பழையதை அழித்தால் சேவும் சேர்ந்து போய்விடும்.