வானத்தில் மிதந்த தீவு: பிஜிஎம்ஐயில் ஆர்கேன் வந்தபோது

பப்ஜி ஆடுகிற யாரைக் கேட்டாலும் அவருக்கென்று ஒரு அப்டேட் இருக்கும், அதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் நிறுத்த மாட்டார். எனக்கு அது 2021 நவம்பரில் வந்த 1.7. நெட்ஃபிளிக்ஸில் அப்போதுதான் வந்திருந்த ஆர்கேன் என்ற அனிமேஷன் தொடரோடு சேர்ந்து ‘மிரர் வேர்ல்டு’ என்று ஒரு மோடு (தனி விதிகளோடு ஆடும் ஆட்டம்) விட்டார்கள், பப்ஜி மொபைலிலும் அதன் இந்தியப் பதிப்பான நம் பிஜிஎம்ஐயிலும். சில வாரம் இருந்தது, போய்விட்டது. அதற்கப்புறம் எத்தனையோ ஷூட்டிங் கேம்கள் எத்தனையோ தொடர்களோடு கொலாப் (கூட்டு) செய்துவிட்டன, கைக்கு எட்டியதையெல்லாம் நானும் ஆடிப் பார்த்துவிட்டேன். ஆனாலும் கொலாப் என்றால் எப்படி இருக்கணும் என்று பேச்சு வந்தால் இன்றைக்கும் இதைத்தான் சொல்கிறேன். குறையும் உண்டு, அதையும் சொல்கிறேன், அதில் ஒன்று எனக்கு இன்னும் ஆறவில்லை.

அப்போது ஆடாதவர்களுக்காக மோடு என்னவென்று சொல்லிவிடுகிறேன். வழக்கமான கிளாசிக் மேட்ச்தான், எராங்கல், லிவிக், சான்ஹாக் மூன்று மேப்பிலும் இருந்தது. விமானத்திலிருந்து குதிக்கிறோம், லூட் (கிடக்கிற ஆயுதம், மருந்து) எடுக்கிறோம், ஸோன் (பாதுகாப்பான வட்டம்) சுருங்குகிறது, எல்லாம் பழசுதான். கொஞ்ச நேரம் போனதும் வானத்தில் ஒரு தீவு தெரியும். தரையில் அங்கங்கே ‘விண்ட் வால்’ என்று காற்றாலான சுவர் மாதிரி ஒன்று சுழன்றுகொண்டிருக்கும், அதைத் தொட்டால் அந்தத் தீவுக்குப் போய்விடலாம். போன உடனே நம்முடைய ஆள் மாறிவிடுவார். ஜின்க்ஸ், வை, கெய்ட்லின், ஜேஸ், இந்த நால்வரில் ஒருவராகத்தான் அங்கே நடமாட முடியும். கையில் இருந்த எம்416, ஏகேஎம் துப்பாக்கி எதுவும் அங்கே செல்லாது, அந்தந்தப் பாத்திரத்துக்கு என்ன ஆயுதமோ என்ன திறனோ அதுதான். தீவில் உலாவும் பூதங்களை அடித்தாலும் சரி, நம்மைப் போல மேலே ஏறி வந்த மற்ற ஸ்குவாடை (நால்வர் அணியை) அடித்தாலும் சரி, கிரிஸ்டல் கிடைக்கும், அதைக் கொடுத்துச் சண்டைக்கு வேண்டிய பொருளை வாங்கிக்கொள்ளலாம்.

இவ்வளவுதான் மோடு. ஆனால் அதற்குள் ஒரு விதி வைத்திருந்தார்கள், என்னைப் பொறுத்தவரை மொத்த நிகழ்வையும் தூக்கி நிறுத்தியது அந்த விதிதான்: தீவில் தோற்றால் மேட்ச் முடியாது. கீழே, மேப்புக்கே திரும்பி வந்துவிடுவோம். தீவு மறைகிற நேரம் வந்தாலும் அப்படித்தான்.

இது ஏன் பெரிய விஷயம் என்று பேட்டில் ராயல், அதாவது கடைசி வரை உயிரோடு நிற்பவர் ஜெயிக்கிற ஆட்டம், ஆடியவர்களுக்குத்தான் முழுசாகப் புரியும். 100 பேர் இறங்குகிற மேட்ச், எராங்கல் என்றால் கடைசி வரை போக அரை மணி நேரம் ஆகும், அதில் ஒரு தப்பு செய்தால் மேட்சை விட்டு நேரே லாபிக்குப் (தொடக்கத் திரைக்கு) போக வேண்டியதுதான். அதனால் மேப்பில் புதுசாக எதை வைத்தாலும் ரேங்க் புஷ் பண்ணுகிறவர்கள் (தரவரிசையில் ஏறப் பார்க்கிறவர்கள்) அந்தப் பக்கமே போக மாட்டார்கள், அங்கே கூட்டம் கூடும், கூட்டம் கூடினால் சாவு நிச்சயம் என்று தெரியும். காசு செலவழித்து, மாதக்கணக்கில் உழைத்து ஒரு தீம் பகுதியைச் செய்து வைப்பார்கள், பாதி பேர் அதைத் தூரத்திலிருந்து ஸ்கோப்பில் பார்த்ததோடு சரி. மிரர் வேர்ல்டில் அந்தப் பயம் இல்லை. போ, ஆடிப் பார், தோற்றால் ஒன்றும் குறையாது. புது ஆள், பழைய ஆள் எல்லாரும் ஏறினார்கள்.

எங்கள் ஸ்குவாடில் ஒருத்தன் இருந்தான். ‘ஏஸ் டியர்’ என்ற உயர்ந்த ரேங்க் வந்தே ஆகணும் என்று ஒற்றைக்காலில் நின்றவன், ஒரு கட்டடத்துக்குள் புகுந்தால் ஸோன் வந்து தள்ளினால் ஒழிய வெளியே வர மாட்டான். அவனை மேலே கூட்டிப்போக நாங்கள் மூன்று பேரும் கெஞ்சாத கெஞ்சல் இல்லை. “மேல போனா லூட் போயிரும்டா, நீங்க போங்க, நான் வீட்டைப் பாத்துக்கிறேன்” என்றே நான்கு மேட்ச் ஓட்டினான். ஐந்தாவதில் பின்னாலிருந்து ஒரு ஸ்குவாட் ரஷ் பண்ணியது, ஓட வேறு வழி இல்லாமல் விண்ட் வாலைத் தொட்டுவிட்டான். மைக்கில் ஒரு நிமிடம் சத்தமே இல்லை. அப்புறம் மெதுவாக, “மாப்ள, நான் ஜின்க்ஸ்டா” என்றான். அந்தக் குரலை இப்போது நினைத்தாலும் சிரிப்பு வருகிறது. அன்றைக்குத் தீவில் முதலில் செத்தது அவன்தான், கீழே வந்த கையோடு அடுத்த விண்ட் வால் எங்கே இருக்கிறது என்று மேப்பைத் திறந்து தேடியதும் அவன்தான்.

அதே 1.7இல் வந்த இன்னொன்றையும் சொல்லணும், ஆர்கேனுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்றாலும். நாக் ஆகி (சுடப்பட்டு விழுந்து, இன்னும் சாகாமல்) கிடக்கிறவனை முதுகில் தூக்கிக்கொண்டு நடக்கிற வசதி. அதுவரை திறந்தவெளியில் கூட்டாளி விழுந்தால் அவனே தவழ்ந்து மறைவுக்கு வரணும், அல்லது நாம் தோட்டாவுக்கு நடுவில் உட்கார்ந்து ரிவைவ் பண்ணி எழுப்பணும். இப்போது தூக்கிக்கொண்டு ஒரு பாறைக்குப் பின்னால் போய்விடலாம், ஆனால் தூக்கியிருக்கும்போது சுட முடியாது, அந்த நேரத்தில் மற்ற இரண்டு பேர் ஸ்மோக் (புகைக்குண்டு) போட்டு, சுட்டுக்கொண்டே நம்மைக் காப்பாற்றணும். ஒரு வயல்வெளியில் நான் அப்படி ஒருத்தனைச் சுமந்துகொண்டு நடந்தேன். ஸ்மோக்குக்குள் எதுவும் தெரியவில்லை, முதுகில் இருப்பவன் காதுக்குள், “இடது பக்கம் மரம் இருந்துச்சுடா, இடது பக்கம் போ” என்று வழி சொல்லிக்கொண்டே வந்தான். மரத்தடிக்கு வந்து இறக்கியபோது அவன் உயிர் ஒரு மயிரிழைதான் பாக்கி. எந்தத் தொடரின் பெயரும் தேவைப்படாமல், அந்த அப்டேட்டில் கதைக்கு மிக அருகில் வந்த இடம் எனக்கு இதுதான்.

இந்தக் கூட்டு எப்படி நடந்தது என்பதும் சுவாரசியமான விஷயம். ஆர்கேன் என்பது லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் விளையாட்டின் உலகத்தில் நடக்கிற கதை, அந்த விளையாட்டு ரயட் கேம்ஸுடையது, ரயட் முழுக்க முழுக்கச் சீன நிறுவனமான டென்சென்ட்டுக்குச் சொந்தம். பப்ஜி மொபைலை உருவாக்கியதும் டென்சென்ட்டின் ஸ்டுடியோதான். அதாவது ஒரே குடும்பத்துக்குள் நடந்த கல்யாணம். ஆனால் நமக்கு அது அவ்வளவு நேராக வரவில்லை. 2020 செப்டம்பர் 2ஆம் தேதி இந்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தபோது பப்ஜி மொபைலும் போனது. அதற்கப்புறம் பப்ஜியின் உரிமையாளரான தென்கொரிய நிறுவனம் கிராஃப்டன் தன் கையில் எடுத்துக்கொண்டு, 2021 ஜூலை 2ஆம் தேதி பிஜிஎம்ஐ என்று தனியாக வெளியிட்டது, ரத்தம் பச்சை நிறம், 18 வயதுக்குக் கீழே இருந்தால் ஒரு நாளைக்கு மூன்று மணி நேரம்தான் என்று கட்டுப்பாடுகளோடு. அதனால் வெளிநாட்டுப் பதிப்பில் ஆர்கேன் வருகிறது என்று தெரிந்தபோது நமக்கும் கொடுப்பார்களா என்று எங்களுக்குப் பெரிய சந்தேகம். கொடுத்தார்கள், அதுவும் தொடர் முடியும் முன்பே. ஆர்கேனின் ஒன்பது எபிசோடும் மூன்று மூன்றாக நவம்பர் 6, 13, 20 தேதிகளில் வந்தன. கடைசி மூன்றும் வருகிற சமயத்தில் நாங்கள் ஜின்க்ஸாகவும் வையாகவும் சுட்டுக்கொண்டிருந்தோம். ஒரு பக்கம் தொடர், ஒரு பக்கம் கேம், வெளியே அந்த நவம்பர் மழை, கரண்ட் போனால் மொபைல் டேட்டாவில் மேட்ச்.

சரி, இதே மாதிரி மற்றவை எப்படி என்று பார்த்தால் வித்தியாசம் புரியும். அதே நவம்பரில் ஃபோர்ட்நைட்டிலும் ஜின்க்ஸ் வந்தாள், ஆனால் கடையில் விற்கிற உடையாக. வாங்கிப் போட்டுக்கொண்டால் பார்க்க ஜின்க்ஸ், ஆட்டம் அதே ஆட்டம். அழகாகத்தான் செய்திருந்தார்கள், மறுக்கவில்லை. ஆனால் தீபாவளிச் சட்டை போட்டுக்கொள்வதற்கும் இன்னொரு ஆளாகவே மாறிப்போவதற்கும் வித்தியாசம் இருக்கிறது இல்லையா. 2025 ஜனவரியில் கால் ஆஃப் டியூட்டி பிளாக் ஆப்ஸ் 6இல் ஸ்க்விட் கேம் நிகழ்வு வந்தது. அதில் ‘ரெட் லைட், கிரீன் லைட்’ மோடு பிரமாதம். பொம்மை திரும்பிப் பார்க்கும்போது அசையாமல் நிற்கணும், ஓடிக்கொண்டே இருக்கப் பழகிய விரலை அப்படியே பிடித்து நிறுத்துவது லேசுப்பட்ட காரியம் இல்லை, தொடரின் பயம் அப்படியே கைக்கு வந்தது. தொடரைப் புரிந்துகொண்டதில் அது மிரர் வேர்ல்டை விட ஒரு படி மேல் என்றே சொல்வேன். ஆனால் முழு விலை கொடுத்து வாங்குகிற கேமுக்குள், அந்த நிகழ்வின் பாதிப் பரிசுகளுக்கு 1,100 சிஓடி பாயிண்ட் (காசுக்கு வாங்குகிற கேம் பணம்) கொடுத்துத் தனியாக ஒரு பாஸ் வாங்கச் சொன்னது எனக்குப் பிடிக்கவே இல்லை. மிரர் வேர்ல்டு ஆட ஒரு பைசா தேவைப்படவில்லை. யூசி (காசுக்கு வாங்குகிற கேம் பணம்) செலவழித்து எடுக்கிற அலங்காரங்கள் பிஜிஎம்ஐயில் எப்போதும் இருப்பவைதான், அவற்றைத் தொடாமலேயே மோடின் மொத்தத்தையும் அனுபவித்தேன்.

என் போனைப் பற்றியும் ஒரு வரி. 3 ஜிபி ரேம், வாங்கி மூன்று வருடமான போன். தீவுக்குள் போனதும் சூடேறி, நான்கைந்து பேர் ஒரே இடத்தில் மோதினால் படம் விட்டு விட்டு வரும். கிராஃபிக்ஸை ‘ஸ்மூத்’தில் வைத்து, கவரைக் கழற்றிவிட்டு ஆடினால் சமாளிக்கலாம்.

இப்போது குறைக்கு வருகிறேன். தொடர் பார்க்காதவர்கள் இனி வரும் பகுதியைத் தவிர்க்கலாம், கதை கொஞ்சம் வெளியே வரும்.

ஆர்கேன் சண்டையைப் பற்றிய கதை இல்லை, ஒரு அக்கா தங்கை கதை. வை அக்கா, ஜின்க்ஸ் தங்கை, தங்கையின் பழைய பெயர் பவுடர். ஒரே தவறில் குடும்பம் சிதறி, ஒருத்தி சிறைக்கும் ஒருத்தி எதிரியிடமும் போய்ச் சேர்கிறார்கள். மிரர் வேர்ல்டில் நான் வையாக நிற்கிறேன், எதிரே இன்னொரு ஸ்குவாடின் ஜின்க்ஸ் வருகிறாள், சுடுகிறோம், ஒருவர் விழுகிறார், அவ்வளவுதான். ஒரு வசனம் இல்லை, ஒரு தயக்கம் இல்லை. அக்கா தங்கை ஒரே ஸ்குவாடில் சேர்ந்து நின்றாலும் தனியாக எதுவும் நடக்காது. தொடர் பார்த்துவிட்டு உடனே ஆட வந்த எனக்கு முதல் இரண்டு நாள் இது உறுத்திக்கொண்டே இருந்தது. அப்புறம் பழகிவிட்டது, பழகிப்போனதுதான் இன்னும் வருத்தம்.

பழகாத குறை ஒன்று உண்டு, அதுதான் ஃப்ளேர். தொடரின் மூன்றாவது எபிசோடில் வை தன் தங்கையிடம் ஒரு ஃப்ளேரை (கொளுத்தினால் தூரத்துக்கும் தெரிகிற சமிக்ஞை வெளிச்சம்) கொடுக்கிறாள், இதைக் கொளுத்து, நீ எங்கே இருந்தாலும் நான் வந்துவிடுவேன் என்று. பல வருடம் கழித்து, ஆறாவது எபிசோடில், இறந்துவிட்டாள் என்று நினைத்த அக்கா உயிரோடு இருப்பது தெரிந்து ஜின்க்ஸ் உயரமான இடத்தில் நின்று அதை ஏற்றுவாள். நீல வெளிச்சம். அக்கா எங்கிருந்தோ ஓடி வருவாள். இப்போது பப்ஜியை நினைத்துப் பாருங்கள். ஃப்ளேர் கன் கிடைத்தால் ஸ்குவாடே துள்ளும். ஸோனுக்குள் சுட்டால் விமானம் வந்து பெரிய ட்ராப் (ஆயுதப் பெட்டி) போடும், வெளியே சுட்டால் குண்டு துளைக்காத வண்டி வரும், வானத்தில் அந்த வெளிச்சம் தெரிந்ததும் மேப்பில் பாதிப் பேர் அந்தத் திசைக்கு ஓடுவார்கள். வானத்தில் வெளிச்சம் விட்டு ஆளைக் கூப்பிடுவது இரண்டுக்கும் பொதுவானது. தொடரில் எது நெஞ்சை அடைத்ததோ, அதே பொருள் இந்தக் கேமின் லூட்டில் ஏற்கெனவே கிடக்கிறது. தீவில் ஜின்க்ஸ் ஒருத்தி நீல ஃப்ளேர் ஏற்றினால், அதே ஸ்குவாடில் வையாக இருப்பவர் மேப்பின் எந்த மூலையில் இருந்தாலும் அவள் பக்கத்தில் வந்து இறங்குவார் என்று ஒரே ஒரு விதி போதும். அக்காவும் வந்திருப்பாள், தங்கையும் அழைத்திருப்பாள், ஸ்குவாடுக்கும் உபயோகமாக இருந்திருக்கும். எங்கள் ஏஸ் டியர் ஆளிடம் இதைச் சொன்னபோது கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “அப்போ நான் வீட்டுக்குள்ளயே இருந்திருக்க மாட்டேன்டா” என்றான்.

10க்கு 8 கொடுக்கிறேன். குறைத்த இரண்டும் அந்த ஃப்ளேருக்கு.