மக்கள் நீதிமன்றத்தில் விபத்து இழப்பீடு: கணக்கோடு போங்கள்

மக்கள் நீதிமன்றத்தின் (லோக் அதாலத்) வேகத்துக்கு முழு மதிப்பெண் தரலாம். கட்டணமில்லை, பேச்சு படிந்தால் அன்றே உத்தரவு. ஆனால் அதன்மேல் மேல்முறையீடு கிடையாது. காப்பீட்டு நிறுவனம் சொல்லும் முதல் தொகைக்குத் தலையாட்டினால் போனது போனதுதான்.

வயது 32, சுயதொழில், மாத வருமானம் 15,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். எதிர்கால உயர்வு 40% சேர்த்தால் 21,000, ஆண்டுக்கு 2,52,000. அந்த வயதுக்கான பெருக்கி, அதாவது ஆண்டு வருமானத்தைப் பெருக்க வேண்டிய எண், 16. சம்பாதிக்கும் திறனில் 30% இழப்பு என்றால் 12,09,600 ரூபாய். மருத்துவச் செலவும் வலி வேதனைக்கான தொகையும் தனி.

பலர் சறுக்குவது அந்தச் சதவீதத்தில்தான். மருத்துவச் சான்றில் உள்ளது உடல் ஊனம். வருமான இழப்பு வேறு. இடது கையை இழந்தவர் ஓட்டுநரோ தச்சரோ என்றால் இழப்பு கிட்டத்தட்ட 100% ஆகலாம் என்று 2010இல் ராஜ்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தொழிலுக்கான சான்று கையில் இல்லாமல் பேச உட்காராதீர்கள்.