கையா, கருவியா: தசை வலிமையை எதை நம்பி அளப்பது?

நோயாளியின் குறிப்பில் 'வலது முழங்கை மடக்கல் 4/5' என்று இருக்கும். சில வாரம் கழித்துச் சோதித்தாலும் அதே 4/5. முன்பு தண்ணீர்க் குவளையைத் தூக்கவே திணறியவர் இப்போது கனமான பையைச் சுமக்கிறார். ஆனால் எண் நகரவே இல்லை.

இந்த 0–5 அளவுகோல் பிரிட்டனின் மெடிக்கல் ரிசர்ச் கவுன்சில் 1943ல் நரம்புக் காயங்களுக்காக வெளியிட்டது. சுருக்கமாக எம்.ஆர்.சி. 0 என்றால் தசையில் சலனமே இல்லை. 1ல் தசை லேசாக இறுகும், மூட்டு அசையாது. 2ல் புவியீர்ப்பை விலக்கிக் கொடுத்தால் அசையும். 3ல் புவியீர்ப்பை எதிர்த்து அசையும். 4ல் நாம் கொடுக்கும் எதிர்விசையை ஓரளவு தாங்கும். 5 இயல்பு நிலை.

0 முதல் 3 வரை கையால் சோதிப்பதை மிஞ்ச எதுவும் இல்லை. தொடைத் தசை வலுவிழந்தவரை ஒருக்களித்துப் படுக்க வைத்து, காலை நாம் தாங்கிக்கொண்டு முழங்காலை நீட்டச் சொன்னால் 2 தெரிந்துவிடும். நீட்ட முடியவில்லையா? முழங்கால் சில்லுக்கு மேலே விரலை வைத்தால் தசைநார் இறுகுவது தட்டுப்படும், அது 1. இந்த நிலையில் கருவியைப் பிடித்தால் பெரும்பாலும் பூஜ்யம்தான் காட்டும்.

சிக்கல் 4ல்தான். கொஞ்சம் அழுத்தினாலே விழும் கையும், கிட்டத்தட்ட இயல்பான கையும் ஒரே எண்ணுக்குள் அடங்கிவிடுகின்றன. 4–, 4+ என்று பிரித்துப் பார்க்கலாம்தான், ஆனால் அது அழுத்துபவரின் பலத்தையும் பொறுத்தது. கெண்டைக்கால் தசையை யாருடைய கையாலும் தோற்கடிப்பது கடினம். அதை ஒற்றைக் காலில் நின்று குதிகாலைத் திரும்பத் திரும்ப உயர்த்தச் சொல்லித்தான் பார்க்க வேண்டும்.

அதனால் 3ஐத் தாண்டியவருக்கு என் ஓட்டு கையடக்க டைனமோமீட்டருக்கு, அதாவது தசை தள்ளும் விசையை அளக்கும் சிறு கருவிக்கு. நியூட்டனிலோ கிலோவிலோ எண் கிடைக்கும், சிறு முன்னேற்றமும் பதிவாகும். ஆனால் இதையும் ஒருவர் கையில்தான் பிடிக்கிறார்; நோயாளி அவரைவிடப் பலசாலியானால் அளவு தப்பும். கருவியைப் பட்டையால் அசையாமல் கட்டிவிட்டால் அந்தக் குறை தீரும். அப்புறம், மூட்டின் கோணமும் கருவியை வைக்கும் இடமும் ஒவ்வொரு முறையும் ஒன்றாக இருக்க வேண்டும்.

வேகத்தைக் கட்டுப்படுத்தி அளக்கும் ஐசோகைனட்டிக் இயந்திரம் துல்லியத்தில் முதலிடம். விலையும் இடமும் நேரமும் கேட்கும் அது ஆய்வுக்கும் விளையாட்டு வீரர்களுக்கும் சரி, படுக்கையோரத்துக்கு ஆகாது.

கையால் இறுக்கிப் பிடிக்கும் பலத்தை அளக்கும் கைப்பிடி அளவி எளிது. முதுமைத் தசை இழப்பைச் சந்தேகிக்க 2019 ஆசிய வரையறை ஆண்களுக்கு 28 கிலோவுக்குக் கீழ், பெண்களுக்கு 18 கிலோவுக்குக் கீழ் என்கிறது; ஐரோப்பியரின் வரம்பு 27, 16. காலின் நிலையை அறிய மட்டும் இதை நம்பாதீர்கள். நாற்காலியிலிருந்து ஐந்து முறை எழுந்து உட்காரச் சொல்லி நேரம் பார்ப்பது மேல்.

ஐசியூவில் நிலைமை வேறு. அங்கே கைச் சோதனைதான் ஓடுகிறது: இருபுறமும் ஆறாறு தசைக் குழுக்கள், ஒவ்வொன்றுக்கும் 5 வரை, மொத்தம் 60; கூட்டல் 48க்குக் குறைந்தால் ஐசியூ பலவீனம் என்று கொள்வார்கள். நோயாளி விழித்திருந்து சொன்னதைச் செய்தால்தான் இது எடுபடும்.

வலி விஷயத்திலும் கை ஒரு படி மேல். வலிக்குப் பயந்து விடுபவரின் தசை சட்டென்று நழுவும், உண்மையான பலவீனம் பெரும்பாலும் சீராக இறங்கும். கருவியின் ஒற்றை எண்ணில் இரண்டும் ஒன்றுதான். எந்த முறையில் அளந்தாலும் எண்ணுக்குப் பக்கத்தில் 'வலியால் முழு முயற்சி இல்லை' என்று எழுதிவிடுங்கள்.