நாய்க்குட்டி விலைக்குள்ளா, வெளியேயா?

2022 அக்டோபரில் மனிதர்களின் அன்றாட வாழ்க்கையை நடத்திப் பார்க்கும் வீடியோ கேமான ‘தி சிம்ஸ் 4’-இன் அடிப்படை கேமை இஏ நிறுவனம் இலவசமாக்கியது. அதிலிருந்து கணக்கு இப்படி ஆகிவிட்டது: வீடு கட்டலாம், கல்யாணம் செய்யலாம், பிள்ளை பெறலாம், வேலைக்குப் போகலாம், செத்த பிறகு ஆவியாகவும் அலையலாம். எதற்கும் ஒரு பைசா வேண்டாம். அந்த வீட்டு வாசலில் ஒரு நாய் படுத்திருக்க வேண்டுமென்றால் மட்டும் 39.99 டாலர். 2017 நவம்பரில் வந்த ‘கேட்ஸ் அண்ட் டாக்ஸ்’ எக்ஸ்பான்ஷன் பேக்கின் (அடிப்படை கேமோடு தனிக் காசு கொடுத்துச் சேர்க்கும் துணைத் தொகுப்பு) முழு விலை அது.

இந்தப் பக்கம் ‘ஸ்டார்டியூ வேலி’ என்ற பண்ணை கேம். எரிக் பரோன் என்ற ஒற்றை ஆள் உருவாக்கி 2016 பிப்ரவரியில் வெளியிட்டது. விலை 14.99 டாலர். பாத்திரத்தை உருவாக்கும்போதே பூனையா நாயா என்று கேட்டுவிடுகிறது. முதல் வசந்தத்தில் ஒரு நாள் காலை, பக்கத்துப் பண்ணைக்கார மார்னி வந்து கதவைத் தட்டி, அநாதையாகத் திரிந்த குட்டியை வைத்துக்கொள்கிறீர்களா என்று கேட்பாள். சரி என்றால் பெயர் வைக்கலாம். தனியாகக் காசு கிடையாது.

இப்படிப் பார்த்தால் தீர்ப்பு சொல்லி முடித்துவிடலாம் போலத் தோன்றும். ஆனால் இந்த இரண்டு நாய்களும் ஒரே மாதிரி நாய்கள் இல்லை. விலையில் சேர்ந்து வருவதும் தனியாக வருவதும் பர்ஸோடு நின்றுவிடுவதில்லை. அந்த விலங்கு அந்த உலகத்தில் எப்படி வாழ்கிறது என்பதையும் அது சேர்த்தே முடிவு செய்கிறது.

முதலில், இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று பார்ப்போம். முதல் சிம்ஸ் 2000-இல் வந்தபோது அதில் பெரிதாகச் சொல்ல மீன் தொட்டிதான் இருந்தது. 2002-இல் ‘அன்லீஷ்ட்’ என்ற எக்ஸ்பான்ஷனில் நாயும் பூனையும் வந்தன. கூடவே பத்து மனைகளாக இருந்த ஊர் நாற்பதைத் தாண்டியது. அடுத்து 2006-இல் ‘சிம்ஸ் 2 பெட்ஸ்’, 2011-இல் குதிரைகளோடு ‘சிம்ஸ் 3 பெட்ஸ்’, 2017-இல் ‘கேட்ஸ் அண்ட் டாக்ஸ்’. கணினியில் நான்கு தலைமுறையிலும் பிராணிகள் பின்னால், தனி விலையில்தான் வந்தன. ஒரு தடவைகூட அடிப்படை கேமுக்குள் அவை இருந்ததில்லை.

இந்தக் கடைசி வரிதான் முக்கியம். சிம்ஸ் 4 வெளியான 2014-இல் அதில் நீச்சல் குளம் இல்லை, நடை பழகும் வயதுக் குழந்தைகள் இல்லை. பெரிய ரகளையே நடந்தது. அந்த ஆண்டு நவம்பரிலேயே குளத்தை இலவசமாகத் தந்தார்கள். 2017 ஜனவரியில் குழந்தைகளையும் இலவசமாகத் தந்தார்கள். காரணம், முந்தைய பதிப்புகளின் அடிப்படை கேமில் அவை இருந்தன. கையில் இருந்ததைப் பிடுங்கியதுபோல் ஆகிவிட்டது. நாய்க்காக அப்படிச் சண்டை போட யாருக்கும் பிடி இல்லை. இருபது வருஷமாகத் தனிப் பொட்டலமாகவே வந்ததால், அது தனிப் பொட்டலமாக வருவதுதான் இயல்பு என்று நாமே ஏற்றுக்கொண்டுவிட்டோம்.

அது இயல்பு இல்லை என்பதற்குச் சாட்சி சிம்ஸ் தொடருக்குள்ளேயே இருக்கிறது. கணினியில் ‘சிம்ஸ் 2 பெட்ஸ்’ ஓட வேண்டுமென்றால் சிம்ஸ் 2 ஏற்கெனவே இருந்தாக வேண்டும். அதே பெயரில் பிளேஸ்டேஷன் 2-க்கு வந்தது தனி முழு கேம். டிஸ்க்கைப் போட்டால் மனிதர்களும் நாய்களும் ஒன்றாகவே இருப்பார்கள். ‘சிம்ஸ் 3 பெட்ஸ்’ விஷயத்திலும் அப்படியே. ஆக, எந்தப் பெட்டியில் விற்கிறார்கள் என்பதைப் பொறுத்தே நாய் உள்ளேயோ வெளியேயோ இருந்திருக்கிறது.

சரி, தனியாக விற்பதற்கு நியாயமே இல்லையா? இருக்கிறது, அதுவும் கணிசமாக. சிம்ஸ் மாதிரியான கேமில் விலங்கு என்பது சின்ன வேலை அல்ல. நாலு காலில் நடக்கும் உடலுக்குத் தனி எலும்புக்கூடு, தனி அசைவுகள். அதிலும் சிவாவா ஒரு உயரம், கிரேட் டேன் ஒரு உயரம். பூனை மேசைமேல் தாவ வேண்டும், நாய் சோபாவில் ஏறிச் சுருண்டு படுக்க வேண்டும், மனிதன் குனிந்து தூக்க வேண்டும். வீட்டில் இருக்கும் ஒவ்வொரு பொருளுக்கும் விலங்கு அதை என்ன செய்யும் என்று யாரோ உட்கார்ந்து யோசித்து, வரைந்து, சோதித்துப் பார்க்க வேண்டும். தனி விலை வைத்ததால்தான் இந்த உழைப்புக்கு ஆளும் நாளும் ஒதுக்க முடிந்தது.

விளைவும் கண்ணுக்குத் தெரிகிறது. ‘கேட்ஸ் அண்ட் டாக்ஸ்’ வைத்திருப்பவர்கள் நாயின் தோல்மேல் தூரிகை எடுத்து வண்ணம் தீட்டலாம். ஒற்றைக் காதில் மட்டும் கறுப்புத் திட்டு உள்ள தெருநாயை அச்சு அசலாகக் கொண்டுவந்துவிடலாம். கால்நடை மருத்துவமனை வைத்து நடத்தலாம். நாய்க்கு வயதாகும், நோய் வரும், சாகும், ஆவியாகவும் வரும். ஸ்டார்டியூ நாய்க்கு இதெல்லாம் எதுவும் இல்லை. அது மூப்படையாது, நோயில் படுக்காது. காகங்களை விரட்டவும் மாட்டாது. அதற்குச் சோளக்கொல்லை பொம்மைதான் வேண்டும். தினமும் தடவிக் கொடுப்பது, தண்ணீர்க் கிண்ணத்தை நிரப்புவது, இவ்வளவுதான் உறவு. வாசலை மறித்துக்கொண்டு படுத்திருப்பது அதன் முழுநேரத் தொழில். (உண்மையான நாய்க்கும் பாதி நேரம் அதுதான் தொழில் என்று வாதாடலாம்.)

ஆழம் என்று பார்த்தால், சந்தேகமே இல்லாமல் தனியாக விற்கப்படும் விலங்குக்குத்தான் என் ஓட்டு. அந்த வரிசையிலும் ‘சிம்ஸ் 3 பெட்ஸ்’ மற்ற எல்லாவற்றுக்கும் மேல். அதில் நாயையோ பூனையையோ குதிரையையோ நீங்களே இயக்கலாம். அதன் பசியும் களைப்பும் மனிதர்களுக்குப் போலவே பட்டைகளாகத் தெரியும். பூனையை வேட்டைக்கு அனுப்பலாம், குதிரையைப் பந்தயத்துக்குப் பழக்கலாம். மனிதனைக் கிட்டத்தட்ட மறந்துவிட்டு ஒரு பூனையின் வாழ்க்கையை மட்டும் விளையாடியவர்கள் உண்டு.

சிம்ஸ் 4 இதை மாற்றிவிட்டது. நாயை நீங்கள் இயக்க முடியாது. அதன் தேவைப் பட்டைகளும் தெரியாது. தட்டருகே போய் நிற்கிறதா, கதவைப் பார்க்கிறதா என்று கவனித்து நீங்களே புரிந்துகொள்ள வேண்டும். பலருக்கு இது பிடிக்கவில்லை. இதைத் திருப்பி மாற்றித் தரும் மாட்களும் (ரசிகர்களே எழுதிச் சேர்க்கும் மாற்றங்கள்) இருக்கின்றன. எனக்கென்னவோ சிம்ஸ் 4 செய்ததில் நியாயம் தெரிகிறது. நாயின் மனம் பட்டைகளாகத் தெரிந்துவிட்டால் அது இன்னொரு மனிதப் பாத்திரம் ஆகிவிடுகிறது, வாலோடு. ஆனாலும் நாற்பது டாலர் கொடுத்தவர், முன்பு இருந்த வசதி ஏன் போனது என்று கேட்டால் பதில் சொல்வது கஷ்டம்.

இப்போது அடுத்த பக்கம். தனியாக விற்பதில் ஒரு சுவர் இருக்கிறது. பெட்டியைப் பார்த்தால் தெரியாது, விளையாடும்போது மெல்லத்தான் உறைக்கும். ஒரு பேக்கை வாங்காதவர்களும் இருப்பார்கள் என்பதால், பின்னால் வரும் எந்தப் பேக்கும் நாயை நம்பித் தன் கதையைக் கட்ட முடியாது. சிம்ஸ் 4-இல் கோழி, பசு, லாமா, முயல் எல்லாம் 2021-இல் வந்த ‘காட்டேஜ் லிவிங்’ பேக்கில். குதிரையும் குட்டி ஆடுகளும் 2023-இல் வந்த ‘ஹார்ஸ் ராஞ்ச்’ பேக்கில். முட்டை திருட வரும் நரி ஒரு பேக்கில், நாய் வேறு பேக்கில். இரண்டுக்கும் காசு கொடுத்தவர் முற்றத்தில் மட்டுமே இரண்டும் சேர்ந்து நிற்கும். இது போதாதென்று ஒரு குடும்பத்துக்கு எட்டுப் பேர் என்ற வரம்பு வேறு. நாயும் பூனையும் குதிரையும் அந்த எட்டுக்குள்தான். பெரிய கூட்டுக் குடும்பம் வைத்து விளையாடுபவர், நாய்க்காக ஒரு சித்தப்பாவை வெளியே அனுப்ப வேண்டியிருக்கும்.

ஸ்டார்டியூவில் அந்தச் சுவர் கிடையாது. எல்லாரிடமும் அந்தப் பூனையோ நாயோ இருக்கலாம் என்பதால் கேமின் கதை அதைக் கணக்கில் எடுத்துக்கொள்கிறது. மூன்றாம் ஆண்டுத் தொடக்கத்தில் தாத்தாவின் ஆவி வந்து உங்கள் பண்ணை வாழ்க்கைக்கு மதிப்பெண் போடும். பணம், திறமை, கல்யாணம், நட்பு என்று பலவற்றுக்கும் புள்ளிகள் உண்டு. அதில் ஒரு புள்ளி உங்கள் வளர்ப்புப் பிராணி உங்களிடம் முழு அன்போடு இருக்கிறதா என்பதற்கு. இருபத்தொன்றில் ஒன்று, அவ்வளவுதான். ஆனால் அந்த ஒன்றைப் போட வேண்டுமானால் எல்லார் வீட்டிலும் நாய் இருக்கும் வாய்ப்பு இருந்தாக வேண்டும். தனிப் பேக்காக விற்றிருந்தால் அந்தப் புள்ளியே இருந்திருக்காது.

அதோடு, ஸ்டார்டியூ நாய் மெலிந்த நாயாகவே நின்றுவிடவும் இல்லை. இனங்கள் கூடின. 2024 மார்ச்சில் வந்த 1.6 அப்டேட்டில், முதல் பிராணியின் அன்பை முழுதாகச் சம்பாதித்த பிறகு மார்னியிடம் இன்னும் பல பிராணிகளைத் தத்தெடுக்கலாம் என்று வந்தது, ஆமைகள்கூட உண்டு. கேமுக்குள் உழைத்துச் சேர்த்த தங்கம்தான் விலை. எட்டு வருஷம் கழித்து வந்த இந்த அப்டேட்டும் இலவசம். நாற்பது மில்லியனுக்கும் மேல் பிரதிகள் விற்ற ஒரு சின்னக் குழுவால் இது முடிகிறது என்பதையும் சொல்ல வேண்டும். பெரிய நிறுவனத்தின் துணையில்லாமல் வரும் எல்லா இண்டி கேமும் இப்படிச் செய்ய முடியும் என்று எதிர்பார்ப்பது அநியாயம்.

இனி மோசமான பகுதி. 2018 மார்ச்சில் இஏ ‘மை ஃபர்ஸ்ட் பெட் ஸ்டஃப்’ என்று 9.99 டாலருக்கு ஒன்றை விட்டது. பெயரைப் பார்த்தால் முதல் முறை பிராணி வளர்ப்பவருக்கானது போல இருக்கும். உள்ளே கூண்டில் வளர்க்கும் எலி, ஹேம்ஸ்டர், முள்ளெலி ஆகியவற்றோடு, நாய் பூனைக்கான உடைகள். அந்த உடைகளைப் போட்டுப் பார்க்க நாயோ பூனையோ வேண்டுமே, அதற்கு ‘கேட்ஸ் அண்ட் டாக்ஸ்’ வேண்டும். அதாவது துணைப் பேக்குக்கு ஒரு துணைப் பேக். ரசிகர்கள் கொதித்ததில் ஆச்சரியமில்லை. தனி விலை வைப்பதற்கு மேலே நான் சொன்ன நியாயம் இதற்குப் பொருந்தாது. இங்கே புது எலும்புக்கூடும் இல்லை, புது உலகமும் இல்லை. நாயை வாங்கியவரிடமே நாய்ச் சட்டையையும் விற்கும் வேலை மட்டும்தான்.

சிம்ஸ் 4-இல் விலங்கு என்று சொல்லத்தக்க நான்கு பேக்குகளையும் முழு விலையில் கூட்டினால் 129.96 டாலர். அந்தப் பணத்தில் ஸ்டார்டியூவை எட்டுத் தடவை வாங்கலாம். தள்ளுபடி அடிக்கடி வரும் என்பது உண்மைதான். ஆனால் தள்ளுபடிக்குக் காத்திருக்கப் பழகிய பிறகு முழு விலை என்பது அவசரக்காரர்மேல் போடும் அபராதம் மாதிரிதான் தெரிகிறது.

மூன்றாவதாக ஒரு வழியும் இப்போது முளைத்திருக்கிறது: விலைக்குள் உண்டு, ஆனால் இன்றைக்கு இல்லை. சிம்ஸ் பாணியில் கிராஃப்டன் நிறுவனம் உருவாக்கிய ‘இன்சாய்’ 2025 மார்ச்சில் 39.99 டாலருக்கு ஏர்லி அக்சஸில் (வேலை முழுதும் முடியுமுன்பே விற்கப்படும் பதிப்பாக) வந்தபோது அதில் வளர்ப்புப் பிராணிகள் கிடையாது. ஏர்லி அக்சஸ் காலத்து அப்டேட்டுகளும் டிஎல்சிகளும் (பின்னால் சேர்க்கும் கூடுதல் தொகுப்புகள்) இலவசம் என்பது அவர்கள் வாக்கு. அதே வகையில் வரும் ‘பாராலைவ்ஸ்’ அதைவிட ஒரு படி மேலே போய், காசுக்கு டிஎல்சி விற்கவே மாட்டோம் என்று சொல்லியிருக்கிறது. பிராணிகள் அதன் முதல் பதிப்புக்கு இல்லை, பின்னால் இலவசமாகச் சேர்க்கப்படும் பட்டியலில்தான். அந்த முதல் பதிப்பே 2025 டிசம்பரிலிருந்து 2026 மே மாதத்துக்குத் தள்ளிப்போனது. கொள்கையாகப் பார்த்தால் எனக்கு இதுதான் மிகவும் பிடித்திருக்கிறது. வாங்குபவராகப் பார்த்தால், வாக்குறுதிக்கு முன்பணம் கட்டச் சொல்கிறார்கள். இதே வகையில் அறிவிக்கப்பட்ட பாரடாக்ஸ் நிறுவனத்தின் ‘லைஃப் பை யூ’ பலமுறை தள்ளிப்போய், கடைசியில் 2024 ஜூனில் வெளிவராமலேயே கைவிடப்பட்டதையும் பார்த்தோம் அல்லவா.

என் பரிந்துரை, யார் எதற்காக விளையாடுகிறார்கள் என்பதைப் பொறுத்தது. விலங்குதான் உங்களுக்கு மையம், மனிதர்கள் அதன் பின்னணி என்றால், பழைய கிராஃபிக்ஸையும் அடிக்கடி திணறும் வேகத்தையும் பொறுத்துக்கொண்டு தள்ளுபடியில் சிம்ஸ் 3-ஐயும் அதன் பெட்ஸையும் எடுங்கள். குடும்பக் கதைதான் முதன்மை, நாய் அதில் ஒரு உறுப்பினர் என்றால் சிம்ஸ் 4-இல் ‘கேட்ஸ் அண்ட் டாக்ஸ்’ ஒன்று போதும். பண்ணை ஆசை இருந்தால் மட்டும் ‘காட்டேஜ் லிவிங்’ சேர்த்துக்கொள்ளலாம். ‘மை ஃபர்ஸ்ட் பெட்’ பக்கம் போகவே வேண்டாம். நாள் முழுக்க வேலை செய்துவிட்டு வீடு திரும்பும்போது ஒரு ஜீவன் இருந்தால் போதும் என்பவர்களுக்கு ஸ்டார்டியூ. இன்சாயையும் பாராலைவ்ஸையும் பொறுத்தவரை, பிராணிகளுக்காகவே வாங்க நினைப்பவர்கள் ஸ்டீம் என்ற கணினி கேம் கடையின் விஷ்லிஸ்டில் போட்டு வையுங்கள். அப்டேட் குறிப்பில் நாய் என்ற சொல் வந்த பிறகு கார்டை எடுத்தால் போதும்.