பெயரில் காட்டன், துணியில் பாலியெஸ்டர்: தி.நகரில் வாங்கிய ஒரு சட்டை

பாண்டி பஜாரில் உள்ள ஓர் ஆயத்த ஆடைக் கடையில் 899 ரூபாய்க்கு வாங்கிய முழுக்கைச் சட்டையைப் பற்றிய மதிப்புரை இது. இதன் பிராண்ட் பெயர் ‘காட்டன்’ என்ற சொல்லோடு முடிகிறது. காலரின் உட்புறத்திலும் தொங்கும் அட்டையிலும் அப்பெயரே பெரிய எழுத்தில் இருக்கிறது. பக்கத் தையலுக்குள் மடிந்து கிடக்கும் சிறு லேபிளிலோ 65 விழுக்காடு பாலியெஸ்டர், 35 விழுக்காடு பருத்தி என்று அச்சாகியிருக்கிறது.

தையல் நேர்த்தியானது. பல சலவைக்குப் பின்னும் காலர் விறைப்பாக நிற்கிறது, சாயம் போகவில்லை, இஸ்திரி போடாமலேயே அணிந்து செல்லலாம். இவற்றில் பெரும்பாலானவை பாலியெஸ்டர் தரும் நன்மைகள்தாம். ஆனால் அந்த இழை ஈரத்தை மிகக் குறைவாகவே உறிஞ்சும் என்பதால், சென்னையின் மே மாதப் புழுக்கத்தில், கூட்டம் நிரம்பிய மின்சார ரயிலில் நிற்கும்போது, சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்கிறது. பருத்தி என்று நம்பி வாங்குபவர் தவிர்க்க நினைப்பதே இதைத்தான்.

லேபிளையும் சோதித்துப் பார்த்தேன். உள்மடிப்பிலிருந்து ஓர் இழையை உருவி இடுக்கியில் பிடித்துக் கொளுத்தியபோது, காகிதம் எரியும் வாசனையோடு நுனி உருகிச் சுருண்டு கடினமான கரிய மணியாக இறுகியது. தூய பருத்தியாக இருந்தால் மென்மையான சாம்பல் மட்டுமே மிஞ்சியிருக்கும். (சோதிப்பவர்கள் தையல் நூலை எடுக்கக் கூடாது, பருத்திச் சட்டைகளையும் பெரும்பாலும் பாலியெஸ்டர் நூலால்தான் தைக்கிறார்கள்.)

கடையில் கேட்டபோது, “அது கம்பெனி பேரு சார், துணி பேரு இல்ல, உள்ள லேபிள்ல போட்டிருக்கு பாருங்க” என்றார் விற்பனையாளர். பதிலில் மரியாதை இருந்தது, நியாயம் இல்லை. பொதுமக்களை ஏமாற்றும் தன்மையுள்ள குறியைப் பதிவு செய்யக் கூடாது என்கிறது 1999ஆம் ஆண்டின் வணிகக் குறிகள் சட்டத்தின் 9ஆம் பிரிவு. இந்தப் பெயருக்கு அருகில் இருப்பதும் பதிவைக் காட்டும் ‘ஆர்’ அல்ல, யாரும் போட்டுக்கொள்ளக்கூடிய ‘டிஎம்’ மட்டுமே. லேபிளில் உண்மையைச் சொல்லிவிட்டோம் என்ற வாதமும் புதிதன்று. செயற்கை இழையால் செய்த கார் இருக்கை உறைகளுக்கு ‘லவ்வி லாம்’ என்று ஆட்டுக்குட்டியைக் குறிக்கும் பெயரைப் பதிவு செய்ய முயன்ற நிறுவனம் அமெரிக்காவில் ஏறத்தாழ இதையே சொன்னது. வாங்குபவர் கவனிக்கவும் கவனிக்காமல் போகவும் கூடிய விளக்கக் குறிப்பு பெயரில் உள்ள ஏமாற்றைப் போக்காது என்று 1988இல் அங்குள்ள மேல்முறையீட்டு நீதிமன்றம் அவ்வாதத்தை மறுத்துவிட்டது. பட்டுப் புடவை எடுப்பவருக்குப் பார்ப்பதற்கு ‘சில்க் மார்க்’ முத்திரையாவது இருக்கிறது. சட்டை எடுப்பவர் பெரும்பாலும் பெயரை நம்பித்தான் எடுக்கிறார்.

இதுபோல் ஏமாந்தவர்கள் பில்லையும் தொங்கும் அட்டையையும் பத்திரப்படுத்திக்கொண்டு 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் செய்யலாம். குளிரூட்டிய அலுவலகத்தில் நாள் முழுவதும் அமர்ந்திருப்பவர்களுக்கு இந்த விலைக்கு இது மோசமான சட்டை அல்ல. வெயிலில் அலைபவர்களுக்கு உதவாது. ஐந்துக்கு இரண்டு மதிப்பெண் தருகிறேன். இதே சட்டை வேறு பெயரில் வந்திருந்தால் மூன்றரை தந்திருப்பேன்.