அரீதாவின் நிழலில் இரண்டு பேர்: எர்மாவா, கரோலினா?

அமெரிக்க சோல் (கறுப்பின மக்களின் உணர்ச்சி ததும்பும் இசை) பாடகி அரீதா ஃபிராங்க்ளினை எல்லோருக்கும் தெரியும். டெட்ராய்டில் பிரசங்கியாராகப் பெயர் பெற்ற அவருடைய அப்பா சி.எல். ஃபிராங்க்ளினின் வீட்டிலிருந்து வந்த மற்ற இரண்டு சோல் பாடகிகளில் யாரை முதலில் கேட்பது?

அக்கா எர்மாவின் குரலில் ஒரு முரட்டுத்தனம் உண்டு. 1967-ல் 'பீஸ் ஆஃப் மை ஹார்ட்' பாட்டை முதலில் பாடியவர் அவர்தான், ஆனால் அடுத்த வருடமே ராக் பாடகி ஜானிஸ் ஜோப்ளின் பாடி அது அவருடைய பாட்டாகவே ஆகிவிட்டது. எர்மா பாடியதற்கு 1992-ல்தான், அதுவும் ஒரு ஜீன்ஸ் விளம்பரத்தால், பிரிட்டனில் மவுசு வந்தது. கொடுமைதான்.

தங்கை கரோலின் வேறு ரகம். குரல் மென்மையானது, தனி ஆல்பங்கள் பெரிதாக ஓடவில்லை, ஆனால் பேனா இருக்கிறதே, அப்பப்பா! அரீதா உருகி உருகிப் பாடிய 'எயின்ட் நோ வே' இவர் எழுதியது, 1973-ல் வந்த 'ஏஞ்சல்' பாட்டிலும் இவருக்குப் பங்குண்டு. 1988-ல், 43 வயதில் புற்றுநோயால் போய்விட்டார்.

குரலுக்கு எர்மா, சரி. ஆனால் என் ஓட்டு கரோலினுக்கு. அரீதாவின் சோகப் பாட்டுகள் பிடிக்கும் என்றால், பாதி வழி ஏற்கெனவே அவரிடம் வந்துவிட்டீர்கள்.