பாக்பஸ்: மூன்றேகால் மணி நேரப் பூனை

பிபிசியில் 1974இல் வந்த குழந்தைகளுக்கான பொம்மைத் தொடர் 'பாக்பஸ்' மொத்தமே 13 பகுதிகள், ஒவ்வொன்றும் சுமார் 15 நிமிடம். கூட்டிப் பார்த்தால் மூன்றேகால் மணி நேரம். ஆலிவர் போஸ்ட்கேட், பீட்டர் ஃபர்மின் என்ற இருவர் கைவேலை இது.

எதையும் விற்காத ஒரு கடை. எமிலி என்ற சிறுமி எங்கோ கிடந்த உடைந்த பொருளைக் கொண்டுவந்து வைப்பாள். துணிப்பூனை பாக்பஸ் கொட்டாவி விட்டு எழுந்ததும் பழுப்புப் படம் வண்ணத்துக்கு மாறும். எலிகளும், மரத்தால் செய்த மரங்கொத்தி யாஃபிளும் அது என்ன பொருள் என்று சண்டை போட்டு, கடைசியில் சரிசெய்து ஜன்னலில் வைத்துவிடுவார்கள்.

பூனையும் எலிகளும் ஸ்டாப் மோஷன்: ஒரு பிரேம் எடுத்து, பொம்மையை இம்மி நகர்த்தி, அடுத்த பிரேம். கேப்ரியல் தேரை மட்டும் கீழேயிருந்து கையால் ஆட்டும் பொம்மை. அதனால்தான் அது பாடும்போது அசைவு வெட்டாமல் ஓடுகிறது.

புது டிவியில் பார்ப்பவர்கள் முதலில் மோஷன் ஸ்மூத்திங்கை அணைத்துவிடுங்கள். பிரேம்களுக்கு நடுவே டிவி தானாகப் புதுப் படம் நுழைப்பதால் எலிகள் ஜெல்லி மாதிரி வழுக்கும். கைவேலையின் அழகே போய்விடும். படத்தை 4:3 அளவிலேயே (பழைய டிவியின் அகல-உயர விகிதம்) வையுங்கள். திரை முழுக்க இழுத்தால், ஏற்கெனவே குண்டான பூனை இன்னும் பருத்துவிடும். ஷார்ப்னஸைக் குறைத்தால் 16 மி.மீ. பிலிமின் புள்ளிகள் உறுத்தாது. பூனை இளஞ்சிவப்பாக இருக்கிறதே என்று நிறத்தைத் திருக வேண்டாம். ஆரஞ்சாக வந்திருக்க வேண்டிய துணி, சாயம் போட்ட இடத்தில் நடந்த தவறால் அப்படியாகிவிட்டது.

குறை என்றால், தொடக்கமும் முடிவும் எல்லாப் பகுதியிலும் அதே வரிகள், அதே படங்கள். நாளுக்கு இரண்டுக்கு மேல் போட்டால் குழந்தைகள் நெளிவார்கள். யாஃபிளின் பேராசிரியர் ஆங்கிலமும் சின்னவர்களுக்குக் கொஞ்சம் கடினம். பக்கத்தில் உட்கார்ந்து சொல்ல ஒருவர் வேண்டும். சாண்ட்ரா கெர், ஜான் ஃபாக்னர் பாடல்களுக்கு அந்தத் தேவையே இல்லை.

வரிசைப்படி பார்க்க அவசியமில்லை. எலிகளின் ஆலை வரும் பகுதியில் தொடங்கலாம். ரொட்டித் தூளும் பட்டர் பீன்ஸும் போட்டால் சாக்லேட் பிஸ்கட் வரும் என்று எலிகள் புரூடா விடும். யாஃபிள் ஆலைக்குப் பின்னால் போய் எட்டிப் பார்த்தால், ஒரே பிஸ்கட்டைத்தான் எலிகள் உருட்டிக்கொண்டு சுற்றிச் சுற்றி வந்துகொண்டிருக்கும்.